சட்டப்படி அக்கா

பழைய தலைமையாசிரியை ஓய்வு பெற்றதும் நிர்வாகம் கணக்கு டீச்சரை அந்த நாற்காலியில் உட்கார வைத்தது. யாரும் வாய் திறக்கவில்லை. அவர்தான் மூத்தவர் என்று பள்ளிக்கூடமே நினைத்திருந்தது. அப்படி நினைக்க வைத்ததில் பெரும்பங்கு அறிவியல் டீச்சருடையது. சேர்ந்த நாளிலிருந்து கணக்கு டீச்சரை அவள் அக்கா என்றுதான் கூப்பிட்டு வந்தாள்.

இருவரும் ஒரே நாள் காலையில் வேலைக்குச் சேர்ந்தவர்கள். ஒரே பேனாவை மாற்றி மாற்றி வாங்கிக் கையெழுத்துப் போட்டவர்கள். பள்ளி தனியாருடையது என்றாலும் சம்பளம் அரசு தருவது, அதனால் பதவி உயர்வுக்கும் அரசு விதிதான். ஒரே நாளில் சேர்ந்திருந்தால் வயதில் பெரியவரே மூத்தவர் என்றது விதி. சான்றிதழின்படி அறிவியல் டீச்சர் சில மாதங்கள் பெரியவள்.

உண்மையில் சிறியவள். முதல் வகுப்பில் சேர்க்க அப்பா அழைத்துப் போனபோது, தலைக்கு மேலாகக் கையைக் கொண்டுபோய் மறுபக்கத்துக் காதைத் தொடச் சொன்னார்கள். எட்டவில்லை. பின்னால் நின்ற அப்பா அவள் தலையை லேசாகச் சாய்த்துவிட்டார். விரல் காதில் பட்டது, பதிவேட்டில் வயது ஒன்று கூடியது. இந்தக் கதையை ஒரு மதியச் சாப்பாட்டின்போது அவளே சொல்லப்போய், கணக்கு டீச்சர் புரையேறும்வரை சிரித்திருக்கிறார்.

வழக்குப் போடலாம் என்று கணவன்தான் முதலில் சொன்னான். "கல்யாணம் பேசறப்ப ஒரு வயசு சொன்னாங்க. சர்டிபிகேட்ல ஒரு வயசு. எனக்குத் தெரிஞ்ச வயசு வேற. கோர்ட்டு எதை நம்புதுன்னு பார்த்துடுவோமே."

ஆசை என்னவோ அவளுடையதுதான். அதைக் கணவன் வாயால் கேட்டது அவளுக்கு வசதியாக இருந்தது. வீட்டில் அவள் கடைசிப் பெண். சட்டையானாலும் சைக்கிளானாலும் மூத்தவர்கள் உபயோகித்துக் கழித்தது அவளிடம் வந்து சேரும். ஒரு தடவையாவது முதலில் நின்று பார்க்க வேண்டும் என்பதைத் தவிர அந்த நாற்காலியில் அவளுக்கு வேறு எதுவும் தேவைப்படவில்லை.

நீதிமன்றத் தாழ்வாரத்தில் ஆளுக்கொரு பெஞ்சில் உட்கார்ந்திருந்தார்கள். கணக்கு டீச்சர் விடாமல் இருமினார். "அக்கா, தண்ணி இருக்கு, தரட்டுமா?" என்று அவள் பாட்டிலோடு எழுந்துவிட்டாள். அவளுடைய வக்கீல் அவளைத் தூணுக்குப் பின்னால் தள்ளிக்கொண்டு போனார்.

"ஏம்மா, நீங்கதான் மூத்தவங்கன்னு நான் உள்ள தொண்டை கிழியப் பேசறேன். நீங்க வெளிய வந்து அக்காங்கறீங்க. கேஸ் ஜெயிக்கணுமா, வேணாமா?"

அன்றிலிருந்து அவள் அந்தச் சொல்லை விழுங்கிக்கொண்டாள்.

எதிர்த்தரப்பு வக்கீலும் அதையேதான் பிடித்துக்கொண்டார். இத்தனை காலம் அக்கா என்று அழைத்தவர் இன்று எப்படி மூத்தவராக முடியும் என்று கேட்டார். அவள் காதுக் கதைக்காகக் காத்திருந்தாள். அது வெளியே வந்தால் பதவி மட்டுமல்ல, இருக்கிற வேலையே கேள்வியாகிவிடும். கதை வரவே இல்லை. அக்கா என்பது மரியாதைக்குச் சொல்லும் சொல், அது வயதுக்குச் சான்றாகாது, பதவி அவளுக்கே என்று தீர்ப்பு வந்தது.

படியிறங்கும்போது அவள் கேட்டுவிட்டாள். "அதை ஏன் சொல்லல?"

கணக்கு டீச்சர் கண்ணாடியைத் துடைத்தார். "அது நீ சாப்பிடறப்ப சொன்னது. கோர்ட்டுக்குன்னா சொன்ன?"

மறுவாரம் கணக்கு டீச்சர் தன் சாப்பாட்டு டப்பாவை ஆசிரியர் அறைக்கு எடுத்துப் போய்விட்டு, சாவிக்கொத்தோடு தலைமையாசிரியை அறை வாசலுக்கு வந்து நின்றார்.

"உள்ள வரலாமா, அக்கா?"

பக்கத்து அறையில் யாரோ களுக்கென்று சிரித்தார்கள். கணக்கு டீச்சர் முகத்தில் சிரிப்பும் இல்லை, கோபமும் இல்லை.

"அப்படிக் கூப்பிடாதீங்க" என்றாள் அவள்.

"வேற எப்படிக் கூப்பிடறது? அதான் தீர்ப்பே ஆயிடுச்சே. சாவியை எண்ணிப் பார்த்து வாங்கிக்குங்க."

அக்காவைக்கூடத் தாங்கிக்கொள்ளலாம் போலிருந்தது. அந்த 'வாங்கிக்குங்க'தான் உள்ளே போய்த் தைத்தது. நேற்றுவரை அவர் அவளை நீ என்றுதான் சொல்லிக்கொண்டிருந்தார்.

மதியம் கடைசிப் பீரியடுக்கு ஒரு வகுப்பில் ஆள் இல்லை. அந்த நேரம் வகுப்பில்லாத கணக்கு டீச்சரைத்தான் அனுப்ப வேண்டும். அவளே கேட்கப் போனாள். கணக்கு டீச்சர் முதுகைக் காட்டிக்கொண்டு கரும்பலகையில் எழுதிக்கொண்டிருந்தார். கூப்பிட வாயெடுத்தாள். பழைய சொல் நாக்குவரை வந்து நின்றுவிட்டது. பேரைச் சொல்லி அவள் ஒருநாளும் கூப்பிட்டதில்லை. டீச்சர் என்பது எல்லோருக்கும் பொது.

வாசலிலேயே நின்றாள். முன் வரிசைப் பிள்ளைகள் அவளைப் பார்த்துவிட்டு எழுந்தார்கள், பிறகு வகுப்பே எழுந்தது. பெஞ்சுகள் நகர்ந்த சத்தத்தில்தான் கணக்கு டீச்சர் திரும்பினார்.