லுர்தெசின் இடது முழங்கால்

செவ்வாய்க்கிழமை காலை ஏழு மணி பத்து நிமிடத்துக்கு அற்புதமலர் பலேர்மோவின் கால்சாப் பகுதியில் லுர்தெஸ் இருந்த வீட்டைத் தன்னிடமிருந்த திறப்பால் திறந்தாள். வழக்கமாக எட்டு மணிக்குத்தான் வருவாள்.

லுர்தெஸ் குசினியில் இருந்தாள். இடது கால் இன்னொரு கதிரையின்மேல் நீட்டியிருந்தது. முழங்காலில் உறைந்த பட்டாணிப் பை. அவள் துவாயை இழுத்து மூடப் பார்த்தாள். பை வழுக்கி நிலத்தில் விழுந்தது. முழங்கால் சில்லு தெரியாத அளவுக்கு வீங்கியிருந்தது.

"இந்த நேரத்துக்கு உன்னை யார் வரச் சொன்னது? சிஞ்ஞோராவா?"

"ஒருத்தருமில்லை. பஸ் வெள்ளெனக் கிடைச்சிட்டுது."

இருவருக்கும் இத்தாலி மொழி அரைகுறை. அதனால் சுருக்கமாகவே பேசினார்கள்.

லுர்தெஸ் போர்த்துக்கல்காரி. பதினாறு வயதில் செத்தூபலில் கால்பந்து விளையாடத் தொடங்கியவள். அப்போது பகலில் மீனைத் தகரத்தில் அடைக்கும் வேலை, மாலையில் பந்து. பிறகு லிஸ்பன். பிறகு பிரான்சில் இரண்டு வருடம். பலேர்மோவுக்கு வந்தது தொண்ணூற்று நான்கில். இது மூன்றாவது பருவம். வயது முப்பத்தொன்று. வருகிற ஞாயிற்றுக்கிழமை வடக்கிலிருந்து ஒரு பெரிய பெண்கள் கழகத்தின் ஆட்கள் அவள் ஆட்டத்தைப் பார்க்க வருகிறார்கள். பிடித்தால் இரண்டு வருட ஒப்பந்தம். இனி ஒருமுறை அவளைப் பார்க்க யாரும் அவ்வளவு தூரம் வரப்போவதில்லை.

வீடு அவள் விளையாடும் கழகத்தின் தலைவருடையது. செவ்வாயும் வியாழனும் துப்புரவாக்க மலரை அனுப்புகிறவள் அவருடைய மனைவி, சிஞ்ஞோரா. அதனால் லுர்தெஸ் மலரை நம்பியதில்லை. பழைய கழகச் சட்டைகள் இருக்கும் அலுமாரி லாச்சியை யாரும் இழுத்துத் திறந்தால் தெரியவேண்டுமென்று அதன் விளிம்பில் ஒரு தலைமயிரை ஒட்டி வைத்திருப்பாள். மலர் அதைக் கண்டிருந்தாள். அறுந்துவிடாமல் அதைச் சுற்றித் தூசி துடைப்பாள்.

ஒருமுறை பள்ளிக்கூடம் இல்லாத நாளில் மகள் அமலினியைக் கூட்டி வந்திருந்தாள். "சப்பாத்தைக் கழட்டிப்போட்டுக் கதிரையிலை இரு" என்று மகளிடம் சொன்னபோது லுர்தெஸ் சட்டென்று திரும்பினாள். சப்பாத்தும் கதிரையும் அவளுடைய மொழியிலும் உண்டு. அன்றிலிருந்து லுர்தெஸ் தன் தாயோடு தொலைபேசியில் பேசும்போது கதவைச் சாத்திக்கொண்டாள்.

இப்போது லுர்தெஸ் பட்டாணிப் பையைக் குனிந்து எடுத்தாள்.

"சிஞ்ஞோராவிடம் சொல்வாயா?"

"இல்லை."

"ஏன்?"

மலருக்கு அந்தக் கேள்வி பிடிக்கவில்லை. வாளியில் தண்ணீர் பிடித்தாள்.

"பதுவை அந்தோனியாருக்கு நேர்ந்துகொள்ளுங்கோ" என்றாள் பிறகு. "முழங்கால் சுகம் வரும்."

"பதுவையா? அவர் லிஸ்பனில் பிறந்தவர். எங்கள் ஆள்." லுர்தெஸ் முதல்தடவையாகச் சிரித்தாள். "ஆனால் நான் கேட்டால் அவருக்குக் காது கேட்காது."

அன்று மாலை கோயிலில் தமிழர்களுக்கு அந்தோனியார் நவநாள் வழிபாடு. மன்றாட்டுகளைத் துண்டுகளில் எழுதிப் பெட்டியில் போட்டால் வழிபாட்டை நடத்தும் அகஸ்ரின் எடுத்து வாசிப்பார். மலர் வீட்டு மேசையில் இருந்து எழுதினாள். துறைமுக வேலையிலிருந்து வந்த கணவன் ஜோக்கிம் தோளுக்கு மேலால் எட்டிப் பார்த்தான்.

"பேரை எழுதாதை. ஒரு நோயாளிக்காக எண்டு போடு."

"அப்பிடிப் போட்டால் அந்தோனியார் எந்த வீட்டுக்குப் போறது?"

"அவருக்குத் தெரியாதோ?"

"போன வருசம் உங்கடை நாரிப் பிடிப்புக்கு நான் பேர் போடாமல் எழுதினனான். ஆருக்குச் சுகம் வந்தது? கீழ்வீட்டு எமிலியானுசுக்கு."

ஜோக்கிம் சிரிக்கவில்லை. "உன்னை நம்பாதவளுக்கு நீ ஏனப்பா மினக்கெடுறாய்? அவள் உன்னைச் சோதிக்கிறாளோ தெரியாது. சிஞ்ஞோராவும் அவளும் ஒண்டாய் இருந்தால்?"

"தமிழிலை தானே எழுதிறன். வாசிக்கிறதும் தமிழிலை. எந்த இத்தாலிக்காரனுக்கு விளங்கப் போகுது?"

கோயிலில் அகஸ்ரின் நிறுத்தி நிறுத்தி வாசித்தார். "லுர்தெசின் இடது முழங்கால் வருகிற ஞாயிற்றுக்கிழமைக்கு முன் சுகமடைய வேண்டுமென்று..." எல்லோரும் முழந்தாளில் நின்று பதில் சொன்னார்கள்.

வெளியே படிக்கட்டில் ஞானாம்பிகை மறித்தாள். யாழ்ப்பாணத்துச் சைவக்காரி. ஆனால் எந்தச் செவ்வாயும் தவறவிடாதவள்.

"உந்த லுர்தெஸ் ஆரப்பா? எங்கடை ஆக்களிலை அப்பிடி ஒரு பேர் இல்லையே."

"தெரிஞ்ச பிள்ளை."

"கால் இடதெண்டும் போட்டு, நாளும் குறிச்சுக் குடுத்திருக்கிறாய். அந்தோனியாருக்கே தவணையோ?"

"நீ சைவக்காரி. உனக்கேன் உந்த விடுப்புக் கதை?"

"சைவக்காரி எண்டால் காது கேளாதோ?"

ஞானாம்பிகை ஒரு டாக்டர் வீட்டில் வேலை செய்தாள். அந்த வீட்டுச் சாப்பாட்டு மேசையில் பேசுவதெல்லாம் செவ்வாய்க்கிழமைகளில் கோயில் படிக்கட்டுக்கு வந்துவிடும். படிக்கட்டில் பேசுவது அந்த மேசைக்குப் போகும் என்று மலர் யோசித்ததில்லை.

புதன்கிழமை பொலிதேயாமாவில் உள்ள தன் வீட்டில் சிஞ்ஞோரா அவளைக் கூப்பிட்டு இருக்கச் சொன்னாள். நான்கு வருடத்தில் முதல்தடவை. கோப்பி தந்தாள். மலர் கதிரையின் நுனியில் இருந்தாள்.

"அந்தப் பெண் எப்படி இருக்கிறாள்?"

"நல்லாய் இருக்கிறா. படியிலை ஓடி ஏறுறா."

"குளிர்ப்பெட்டியில் ஐஸ் வைத்திருக்கிறாளா?"

"பட்டாணி இருக்கு. சூப் வைக்கிறா."

சிஞ்ஞோரா கோப்பையை மெல்லச் சுழற்றினாள். "உன் வதிவிட அனுமதி, பெர்மெசோ, அடுத்த மாதம் முடிகிறது, இல்லையா? வேலைக் கடிதத்தில் நான்தானே கையொப்பம் வைக்க வேண்டும்."

"ஓம், சிஞ்ஞோரா."

"படியில் ஓடி ஏறுகிறாள்."

"ஓம்."

மலர் முழங்காலைக் காட்டிக்கொடுக்கவில்லை. வீடு திரும்பியதும் அதை ஜோக்கிமிடம் இரண்டுதரம் சொன்னாள்.

வியாழக்கிழமை லாச்சியில் தலைமயிர் இல்லை. மலர் கவனித்தாள். லுர்தெஸ் அவள் கவனித்ததைக் கண்டாள். வீக்கம் சற்று வற்றியிருந்தது. லுர்தெஸ் நீளக் காற்சட்டை போட்டுக் குசினிக்கும் யன்னலுக்கும் இடையில் நொண்டாமல் நடந்து பழகினாள். மலர் நிலம் துடைத்தபடி பார்த்தாள்.

"தெரிகிறதா?"

"இல்லை. இன்னும் கொஞ்சம் கெதியாய் நடவுங்கோ."

பதினொரு மணிக்கு மணி அடித்தது. வாசலில் ஒரு டாக்டர். கழகத்துக்கு அவ்வப்போது வருகிறவர்.

"சும்மா ஒரு பார்வை" என்றார். "ஆட்டத்துக்கு முன் எல்லாப் பெண்களையும் பார்க்கிறேன்."

லுர்தெஸ் அவருக்கு முன்னால் நேராக நடந்துபோய்க் கதிரையில் இருந்தாள். நன்றாக நடந்தாள். மலருக்கே சந்தேகம் வந்திருக்காது.

டாக்டர் பையை வைத்தார். குனிந்தார். எங்கே வலி என்று கேட்கவில்லை. வலது காலைப் பார்க்கவுமில்லை. இடது காற்சட்டையை மேலே சுருட்டி முழங்காலின் உட்பக்கத்தில் பெருவிரலை வைத்து அழுத்தினார்.

லுர்தெஸ் சத்தம் போடவில்லை. மேசை விளிம்பைப் பிடித்திருந்த அவள் விரல்கள் வெளுத்தன.

"ஞாயிற்றுக்கிழமை ஓய்வெடு" என்றார் அவர். "தலைவரிடம் நான் சொல்கிறேன். வடக்கிலிருந்து வருகிறவர்களுக்கும் அறிவிக்க வேண்டும்."

அவர் படியிறங்கிப் போகும்வரை லுர்தெஸ் அசையவில்லை. பிறகு காற்சட்டையை இறக்கிவிட்டாள்.

"நேற்று சிஞ்ஞோரா கேட்டாளா?"

"கேட்டா. நீங்கள் படியிலை ஓடி ஏறுறியள் எண்டு சொன்னன்."

"நேராக இடது காலைத் தொட்டார், மலர்."

மலர் துணியை வாளிக்குள் போட்டாள். அதைத் திரும்ப எடுத்துப் பிழிந்தாள்.

"யாரிடம் சொன்னாய்?"

"ஒருத்தரிட்டையும் இல்லை. அந்தோனியாரிட்டை மட்டும்."

லுர்தெஸ் அவளையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"உன் அந்தோனியார் டாக்டர் வீட்டிலா வேலை செய்கிறார்?"