லா தெனாஸின் கல்யாணக் கோட்டு

லா தெனாஸ் என்றால் விடாப்பிடிக்காரி என்று பொருள். பிரெஞ்சு அரசரின் கடற்படையில் பெயருக்கேற்ப நடந்துகொண்ட ஒரே கப்பல் அவள்தான் என்று மாலுமிகள் பீற்றிக்கொள்வார்கள். ரோஷ்ஃபோரில் தண்ணீரில் இறங்கிய வருஷமே புயலில் பாய்மரம் முறிந்தது. நொண்டியபடியே கரை சேர்ந்தாள். ஒரு தடவை இங்கிலீஷ்காரன் பிடித்துக்கொண்டு போனான். அடுத்த சண்டையில் அவனிடமிருந்தே பிடுங்கியாயிற்று. மேற்கிந்தியத் தீவான மர்த்தினீக் பக்கம் நின்றபோது புழு அடிப்பலகையைத் தின்றது. இப்போது அமெரிக்கச் சண்டை முடியுமுன்பே, உள்ளே ஏறும் தண்ணீரை இறைத்து இறைத்து, பிரெஸ்ட் துறைமுகத்துக்குத் திரும்பிக்கொண்டிருந்தாள்.

குல்வென் அதில் மேல்தளப் பீரங்கிக்காரன். மலோ கீழே தண்ணீர் இறைப்பவன். அரசர் இரண்டு மாலுமிக்குப் படுக்க ஒரு தொங்கு தூளிதான் கொடுத்தார். ஒருவன் காவலுக்கு ஏறும்போது மற்றவன் வந்து படுப்பான். இத்தனை வருஷத்தில் குல்வென் குளிர்ந்த படுக்கையில் படுத்ததே இல்லை. மலோவின் சூடு அதில் எப்போதும் மிச்சமிருக்கும். கூடப் பிறந்தவனிடம்கூட அவனுக்கு அத்தனை ஒட்டுதல் கிடையாது.

அந்த மலோவிடம்தான் மர்த்தினீக்கை விட்டுக் கிளம்பிய அன்று வாய்விட்டுக் கேட்டான்.

"உன் தங்கச்சி அசெனோரை எனக்குக் கட்டிக் குடுடா."

மலோ முறைத்தான். "படுக்கையில ரொட்டி தின்னுட்டுத் தூளெல்லாம் சிந்துறவன் நீ. அதுல புரண்டு என் முதுகெல்லாம் சொறி. அவ வேற சொறியணுமா?"

"விளையாடாதடா."

"நான் எங்கடா விளையாடுறேன்? பேச்சை விடு."

குல்வென் பேச்சை விட்டான், அடியோடு. கடல் பாதி தாண்டியும் இருவரும் ஒரு வார்த்தை பேசவில்லை. ஒருவன் எழுந்த சூட்டில் ஒருவன் படுத்தான், அவ்வளவுதான். அசெனோர் கிடைக்கவில்லை என்பதைவிட, கேட்டதற்கு நண்பன் கிண்டலடித்ததுதான் குல்வெனுக்கு வலித்தது.

பிரெஸ்டை நெருங்கி உஷாந்த் தீவு தெரிந்த காலையில் ஒரு இங்கிலீஷ் கப்பல் வழிமறித்தது. முரசு அடித்தார்கள். சண்டை என்றால் தூளிகளைச் சுருட்டி, மேல்தள விளிம்பு வலைக்குள் குண்டுக்குத் தடுப்பாக அடுக்க வேண்டும். கடைசியாகப் படுத்தவன் சுருட்டுவான். அன்று அது மலோ. அவன் பீப்பாய் பருமனுக்கு ஒரு சுருட்டைத் தூக்கி வந்து, குல்வெனின் பீரங்கிக்கு நேரே திணித்தான். நிமிர்ந்து பார்க்காமல் கீழே ஓடிவிட்டான்.

'சுருட்டக்கூடத் தெரியலை தடிமாட்டுக்கு' என்று குல்வென் மனத்துக்குள் திட்டினான்.

சண்டை மதியம்வரை நடந்தது. ஒரு சமயம் அவன் நெஞ்சுக்கு நேரே இருந்த அந்தச் சுருட்டு மட்டும் அடிபட்டதுபோல் அதிர்ந்தது. பிறகு காற்று திரும்பியது. கிழவி தெனாஸ் ஓட்டைப் பாய்களோடு நழுவி, பிரெஸ்ட் கோட்டையின் பீரங்கி நிழலில் போய் நின்றாள். கப்பல் முழுக்க ஆட்கள் அழுதுகொண்டே சிரித்தார்கள்.

குல்வென் தூளியைப் பிரித்தான். முதலில் ரொட்டித்தூள் கொட்டியது. உள்ளே, நாலாக மடித்த ஒரு நீலக் கம்பளிக் கோட்டு. மூன்று மடிப்பைத் துளைத்து, நாலாவதில் ஒரு துப்பாக்கிக் குண்டு கிடந்தது. அது மலோவின் கோட்டு. ஒருநாளும் போட்டதில்லை. பனியில் நடுங்கியபோதுகூடப் பெட்டியை விட்டு எடுக்காதவன்.

மலோ நனைந்த தலையோடு மேலே வந்து நின்றான்.

"இதை ஏன்டா உள்ள வச்சே?" என்றான் குல்வென்.

"அசெனோர் கல்யாணத்துக்குப் போடணும்னு தச்சது."

"தெரியுதில்ல? அப்புறம் எதுக்குக் குண்டுக்கு முன்னாடி வச்சே?"

மலோ கோட்டை வாங்கி உதறினான். "மாப்பிள்ளை செத்துட்டா கல்யாணக் கோட்டு எனக்கு எதுக்குடா?"

குல்வென் முகத்தைத் திருப்பிக்கொண்டான்.

"அழாத. ரொட்டி விஷயம் மட்டும் இன்னும் தீரலை," என்றான் மலோ.

இலையுதிர் காலத்தில் தெனாஸ் பழுது பார்க்கத் துறைக்குள் ஏறினாள். அதே வாரம் கல்யாணம் நடந்தது. கோட்டைத் தைத்துத் தருவதாக அசெனோர் எவ்வளவோ சொல்லிப் பார்த்தாள். மலோ விடவில்லை. ஓட்டைகளோடேதான் போட்டுக்கொண்டு வந்தான்.