ஹாரனுக்கும் வாசலுக்கும் நடுவே

மேல் வளைவில் மூன்று முறை ஹாரன் கேட்டால் எண்ணெயில் மீனைப் போட வேண்டும். ஆண்டிஸ் மலையில் எங்கள் சாலையோரம் சாப்பாட்டுக்கடை வைத்திருக்கும் எவுதோசியாவுக்கு அதுதான் கடிகாரம். ஒரு பக்கம் சிவந்து, திருப்பிப் போட்டு, மறுபக்கமும் வெந்து இறக்கும்போது பஸ் வாசலில் நிற்கும். பயணிகளைக் கூட்டி வரும் டிரைவருக்கு மட்டும் மீனும் அவித்த சோளமும் ஓசி. அந்த ஓசிச் சாப்பாட்டுக்கு அரை மணி நேரம் வேண்டுமே, அதை இறக்கத்தில் மிச்சம் பிடிப்பார்கள். மேல் சாவடியிலும் கீழ்ச் சாவடியிலும்தான் கம்பெனிக்காரன் நேரம் பார்ப்பான். நடுவில் பறந்தால் என்ன, படுத்தால் என்ன, யார் கேட்டார்கள்?

போன மாதம் அந்த வளைவில் பஸ்ஸின் பக்கக் கண்ணாடி அடித்து ரொசெந்தோ பள்ளத்தில் விழுந்தான். எவுதோசியா கடைக்குத்தான் பாலாடைக்கட்டி கொண்டுவந்துகொண்டிருந்தான். அவன் அங்கே கிடக்க, டிரைவர் செகுந்தோ இங்கே உட்கார்ந்து முள் எடுத்துக்கொண்டிருந்தான். பாலாடைக்கட்டி இன்னும் வரவில்லையே என்று எவுதோசியா ரொசெந்தோவைத் திட்டிக்கொண்டிருந்தாள்.

இன்று ரொசெந்தோவின் மனைவி சொய்லா வந்து அடுப்பருகே நின்றாள். அவள் மகளுக்கு எவுதோசியாதான் ஞானத்தாய்.

"போலீஸ்காரன் கணக்குப் போட்டுட்டான்க்கா. ரெண்டு சாவடிக்கும் நடுவுல அறுபது கிலோமீட்டர், ஒன்றரை மணி நேரம். அப்ப மணிக்கு நாப்பதாம். நாப்பதுல வந்த பஸ்ல இவருதான் போயி முட்டிக்கிட்டாராம்."

எவுதோசியா மீனுக்கு உப்புத் தடவினாள்.

"வழியில எங்கயும் நிறுத்தலன்னு செகுந்தோ சொல்லியிருக்கான். இங்க உக்காந்து தின்னானா இல்லையா? தின்னப்ப பஸ்ஸோட வேகம் என்ன? சைபர். அந்த சைபரையும் சேத்துத்தானக்கா நாப்பது! எங்க வீட்டுக்காரர அடிச்ச நேரத்துல எவ்வளவுன்னு எவனும் கேக்கல. நாளைக்கு விசாரணை. நீ வந்து சொல்லுவியா?"

"கூட்டத்துல யாரு எவ்வளவு நேரம் இருந்தான்னு எனக்கு எப்படிம்மா ஞாபகம் இருக்கும்?"

பொய். அன்று ஹாரன் கேட்டு மீனைப் போட்டவள் திருப்புவதற்குள் செகுந்தோ வாசலில் நின்றான். "என்னடா, றெக்கை கட்டிக்கிட்டு வந்தியா?" என்று சிரித்தாள். சிரித்தாளே, அதுதான் அறுக்கிறது. சொன்னால் செகுந்தோ ஜெயிலுக்குப் போவான். அப்புறம் எந்த டிரைவரும் இங்கே நிறுத்த மாட்டான், கடையை இழுத்து மூட வேண்டியதுதான். சொல்லாவிட்டால் ரொசெந்தோ படுத்த படுக்கையாகக் கிடப்பான், கால் காசு நஷ்டஈடு இல்லாமல்.

மேலே ஹாரன் மூன்று முறை அடித்தது. அவள் கை தானாக மீனை எண்ணெயில் போட்டது.

இருவரும் வாணலியையே பார்த்துக்கொண்டு நின்றார்கள். அடிப்பக்கம் சிவந்தது. திருப்பினாள். மறுபக்கமும் சிவந்தது. பஸ்ஸைக் காணோம்.

"யாருக்கா வண்டி, இவ்வளவு மெதுவா வருது?"

"செகுந்தோதான். இப்பல்லாம் அந்த வளைவுல ஊர்ந்துதான் வர்றான்."

சொல்லிவிட்டு எவுதோசியா கரண்டியைக் கீழே வைத்தாள். துடைக்கத் துணி எதுவும் அகப்படாமல் புறங்கையால் முகத்தைத் துடைத்துக்கொண்டாள்.

"அன்னைக்கு நான் மீனைத் திருப்பக்கூட இல்ல, சொய்லா."

வாசலில் பிரேக் சத்தம் கேட்டது. பயணிகள் இறங்கினார்கள். எண்ணெயில் மீன் கருகிக்கொண்டிருந்தது. இருவரில் யாரும் அதை எடுக்கவில்லை.