திங்கட்கிழமை எறிந்த பந்து

குரல் கொடுப்பவருக்கு வயது நாற்பத்தாறு, கடைவாயில் இரண்டு பல் கட்டியது. டப்பிங் அறைக்குள் நுழைந்துவிட்டால் மட்டும் அவர் பதினைந்து வயதுப் பள்ளி வாலிபால் கேப்டன். அந்த ஜப்பானியக் கார்ட்டூனில் புவியீர்ப்புக்கு லீவு கொடுத்துவிட்டார்கள். கேப்டன் திங்கட்கிழமை சர்வ் போட எறிந்த பந்து வியாழக்கிழமை ஆகியும் இறங்கவில்லை. நடுவில் அவனுக்கு அம்மா ஞாபகம் வந்தது, மழையில் ஓடிப் பழகியது வந்தது, எதிரணிக்காரன் வேறு தன் சோகக் கதையை ஆரம்பித்தான். பந்து மேலே போனதும் ஃப்ளாஸ்க்கைத் திறந்து இரண்டு மடக்கு வெந்நீர் குடிப்பது நம்மவர் வழக்கம். அவசரமே கிடையாது.

அவருடைய மகள் பள்ளி அணியில் இரண்டு வருஷமாகப் பெஞ்சைத் தேய்ப்பவள். வெள்ளிக்கிழமை ஆட்டத்தில் ஒரே ஒரு சர்வுக்கு இறக்குவதாகக் கோச் சொல்லியிருந்தார்.

“நாலு மேட்ச்சுக்கு வரேன் வரேன்னு ஏமாத்திட்ட. இந்த ஒரு சர்வையாவது பாத்துடுப்பா,” என்றாள்.

போனார். முன்வரிசையில் உட்கார்ந்தார். மகள் கோட்டருகே போய் நின்றாள். பந்து மேலே போனது. அவர் கை தானாக ஃப்ளாஸ்க் மூடியைத் திருகியது. ஒரு மடக்குதான். நிமிர்ந்தால், மகள் பெஞ்சுக்குத் திரும்பி நடந்துகொண்டிருந்தாள்.

ஆட்டம் முடிந்து அணி மொத்தமும் வாசலில் வேனுக்காகக் காத்திருந்தது.

“பாத்தியாப்பா?”

“பாக்காமலா?” என்றார் கூசாமல். வாய்தானே அவர் பிழைப்பு. கேப்டன் குரல் தன்னால் வந்துவிட்டது. “பந்து மேல போச்சு. கூரையில இருந்த புறா ஒதுங்கி வழி விட்டுச்சு. எதிர் டீம்ல ஒருத்தி, ‘இது பந்தில்ல, இடி’ன்னு முணுமுணுத்தா. காத்து அப்படியே நின்னுச்சு...”

பெண்கள் ஷூ லேஸைப் பாதியில் விட்டுவிட்டு அவரைச் சூழ்ந்துகொண்டார்கள்.

“அப்பா,” என்றாள் மகள். “பந்து வலையில விழுந்துச்சு.”

அவர் முகம் செத்துப்போனது. இரண்டு வருஷம் காத்திருந்த பிள்ளையின் இரண்டு நொடியை வெந்நீருக்குக் கொடுத்துவிட்டோமே என்று வெட்கமாக இருந்தது.

“ஃப்ளாஸ்க்கத் தொறந்துட்டேன்மா,” என்று உண்மையைச் சொன்னார். “நேரம் இருக்கும்னு நெனச்சேன்.”

மகள் பையின் வாரை முறுக்கினாள். அணியில் உயரமான ஒருத்திக்குத்தான் பொறுக்கவில்லை.

“சண்டைய வீட்ல போய்ப் போட்டுக்கங்க அங்கிள். காத்து நின்னுச்சுல்ல, அப்புறம்?”

எல்லோரும் மகளைப் பார்த்தார்கள். அவள் மூக்கை உறிஞ்சிக்கொண்டாள்.

“சரி, சொல்லு,” என்றாள். “ஆனா வலைக்கு அந்தப் பக்கமா எறக்கிடுப்பா.”