கட்டைவிரலைப் பார்த்தவள்

"நரிக்குட்டி பாத்திரம் எங்களுக்கே சொந்தம்னு எழுதிக் கொடுங்க. இல்லேன்னா கேமை வெளியிட மாட்டோம்" என்றார் வெளியீட்டு நிறுவனத்தின் மேலாளர். பேசும்போதும் எங்கள் கேமை ஆடிக்கொண்டிருந்த கன்ட்ரோலரைக் கீழே வைக்கவில்லை.

நான் மூன்று வருடம் உருகி உருகி வரைந்த குட்டி அது. ஏற்கெனவே ஏழு நிறுவனங்கள் கைவிரித்துவிட்டன. பேனாவைத் திறந்தேன்.

மேஜைக்கடியில் அக்கா என் காலை நறுக்கென்று மிதித்தாள். எங்கள் ஒப்பந்தங்களைப் பேசி முடிப்பவள் அவள்தான். கூட்டங்களில் அவள் திரையைப் பார்ப்பதே இல்லை. ஆடுபவரின் கட்டைவிரலைத்தான் பார்ப்பாள்.

"குட்டியைக் கொடுக்கிறதா இல்லை, சார். கிளம்பறோம்." கன்ட்ரோலரைத் திருப்பி வாங்கக் கையை நீட்டினாள்.

மேலாளர் கன்ட்ரோலரைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டார்.

"இரும்மா! இந்தக் கதவை மட்டும் திறந்துடறேன்."

"இன்னும் பதினொரு கதவு இருக்கு, சார்."

மேலாளர் சிரித்துவிட்டார். உதவியாளரிடம் திரும்பி, "அந்த ஷரத்தை அடிச்சிடுங்க" என்றார்.

லிஃப்டில் கேட்டேன். "அவர் போங்கன்னு சொல்லியிருந்தா?"

"பத்து நிமிஷ டெமோவை முக்கால் மணி நேரமா ஆடறார்டா மனுஷன். நீ என்னடான்னா பேனாவைத் திறக்கிறே!"