இரண்டு விரல் குறை

இதில் ஒரு எழுத்துப் பொய்யென்றாலும் என் பல்செட் ஆற்றோடு போகட்டும். நான்காம் பாலத்தின் வாயில் அந்தச் சவவண்டி நாற்பது நிமிஷமாக நகரவில்லை. முன்னால் ஒரு லாரி அச்சு முறிந்து, குறுக்கே படுத்திருந்தது. வண்டிக்குள் மகள் கைக்கடிகாரத்தையும் அப்பாவின் பெட்டியையும் மாறிமாறிப் பார்த்துக்கொண்டிருந்தாள். அக்கரையில் இடுகாட்டுக் கதவை ஐந்து மணிக்குப் பூட்டிவிடுவார்கள். அப்புறம் மூன்று நாள் விடுமுறை. வெயிலோ பெட்டியைத் தொட விடவில்லை.

"மூணாம் பாலம் காலியா கெடக்கும்மா. பத்தே நிமிஷம்," என்றார் ஓட்டுநர்.

"அதுல வேண்டாம். எங்கப்பா அதுல போக மாட்டார்."

ஓட்டுநர் கண்ணாடி வழியாகப் பெட்டியைப் பார்த்தார். "இப்பவுமா?"

அப்பா பாலத் துறையில் அளவையர். அந்தத் தலைநகரின் முதல் பாலம் படகுகளைக் கட்டிப் போட்டது. வெள்ளம் அதை இழுத்துக்கொண்டு போகும். ஜனங்கள் காலையில் பாலம் இன்று எங்கே என்று விசாரித்துவிட்டுத்தான் வேலைக்குக் கிளம்புவார்கள். இரண்டாவது கல்பாலம். இரண்டு தொப்பைக்காரர்கள் எதிரெதிரே வந்துவிட்டால், வயதில் இளைய தொப்பை பின்னாலேயே நடந்து கரைக்குத் திரும்ப வேண்டும். மூன்றாவது இரும்பு. அதை அளந்தது அப்பா. திறந்த நாளிலிருந்து முப்பத்தெட்டு வருஷம் அவர் அதில் கால் வைக்கவில்லை. குடும்பத்தையும் விடவில்லை. எதற்கும் நான்காம் பாலம்தான், அரை மணி நேரச் சுற்று. மகளே அங்கே வாடகைக் காரில்தான் பிறந்தாள். சான்றிதழில் பிறந்த இடம், பாலம் எண் நான்கு.

"மாமா, உங்களுக்குத் தெரியும். ஏன்னு சொல்லுங்க."

பெட்டியின் கால்மாட்டில் உட்கார்ந்திருந்தவர் அப்பாவோடு வேலை பார்த்த வெல்டர். கர்சீப்பால் கழுத்தைத் துடைத்தார்.

"நான் சாகுற வரைக்கும் சொல்லாதேன்னு சத்தியம் வாங்கினான். காலைல செத்துட்டான். இனி சொல்லலாம். தூணுக்குத் தூண் தூரத்தை உங்கப்பன் உச்சி வெயில்ல இரும்பு டேப்பால அளந்தான். டேப்பு சூட்டுல நீண்டுபோச்சு, அளவைக் கொறச்சுக் காட்டிருச்சு. நடுக்கண்ணை, அதான் நடுத்தூண் ரெண்டுக்கும் மேல தூக்கி வைக்கிற இரும்பை, பட்டறைக் குளிர்ல அந்த அளவுக்கே செஞ்சாங்க. வச்சுப் பாத்தா ரெண்டு விரல் பத்தல."

"அப்புறம்?"

"மந்திரி வர ஒரு மணி நேரம் இருக்கு. நான் ஒரு தகட்டை வச்சு ஒட்டினேன். வெளியில மூச்சு விடல."

"விழுந்துருமா?"

"லட்சம் லாரி போயாச்சு. இதை அவன்கிட்டயும் சொன்னேன். லாரிக்குத் தெரியாதுடா, எனக்குத் தெரியும்னான்."

"ஆஸ்பத்திரி மூணாம் பாலத்து அக்கரை முனையில இருக்கு மாமா. நான் பொறந்த அன்னைக்கு அம்மா அந்தக் கத்து கத்தினப்பகூட..."

வெல்டர் அவள் கைக்கடிகாரத்தைக் காட்டினார். மணி நாலேமுக்கால்.

"வண்டியைத் திருப்புங்க," என்றாள்.

மூன்றாம் பாலத்தில் ஏறியதும், "மெதுவா," என்றாள். ஓட்டுநர், "இதுக்கு மேல மெதுவான்னா எறங்கித்தான் தள்ளணும்," என்றார். அவள் சூட்டைப் பார்க்காமல் பெட்டியின் மூடியை இரண்டு கையாலும் அழுத்திக்கொண்டாள், ஊசிக்குப் பயப்படும் பிள்ளையைப் பிடிப்பதுபோல. முன்சக்கரம் தகட்டில் ஏறி 'டக்' என்றது. பின்சக்கரம் ஏறும்வரை வண்டிக்குள் மூன்று பேரும் மூச்சு விடவில்லை. நாலு பேர் என்று ஓட்டுநர் பிற்பாடு அடித்துச் சொன்னார்.

டக்.

இடுகாட்டில் காவலாளி பூட்டோடு நின்றிருந்தான். வண்டியைக் கண்டதும் கதவை மறுபடி தள்ளித் திறந்தான். "எறங்கும்மா," என்றார் வெல்டர். அவள் மூடியிலிருந்து கையை எடுக்கவில்லை.

அந்த மூன்றாம் பாலத்துக்கு நடுக்கண் இன்றுவரை போடவில்லை. என் பல்செட்டையும் இனி ஆற்றில்தான் தேட வேண்டும்.