பங்களாக் கோழி

மூன்றாவது தீக்குச்சியும் அணைந்துபோக, ஜேசுபாதம் தோளில் கிடந்த துண்டை உருவி அடுப்படி மூலையில் விட்டெறிந்தார். பனைமட்டையிலிருந்து புகை வந்ததே தவிர தீ வரவில்லை.

"ஏளா விக்டோரியா, மண்ணெண்ண எங்கன இருக்கு?"

உள்ளறைக் கட்டிலிலிருந்து பதில் வரக் கொஞ்ச நேரம் பிடித்தது.

"கதவுக்குப் பொறத்தால... சீசாவுல."

இருந்தது. வெங்காயம் எங்கே என்று கேட்டதற்கு, "தலைக்கு மேல பாருங்க" என்றாள். நிமிர்ந்தார். பனையோலைப் பெட்டி ஒன்று உத்தரத்திலிருந்து அவர் நெற்றியை இடித்துக்கொண்டு தொங்கியது. தன்னுடைய வீட்டில், தன்னுடைய சம்பளத்தில் வாங்கிய சாமான்கள் எல்லாம் தன்னிடமிருந்து ஒளிந்துகொண்டிருப்பதாக அவருக்குத் தோன்றியது.

துறைமுகத்துப் பக்கம் பட்லர் ஜேசுபாதத்தைத் தெரியாதவர் கிடையாது. வெள்ளைக்காரக் கம்பெனியின் பங்களாவில் தலை நரைக்கும்வரை சமைத்தவர். ஆனால் வீட்டு அடுப்பை ஒருநாளும் ஊதியதில்லை. சம்பளத்துக்குப் பிடிக்கிற கரண்டியை வீட்டிலும் பிடிக்க வேண்டுமா என்பார். ராத்திரி வந்து, விக்டோரியா வைத்த சாளைமீன் குழம்பைப் பிசைந்துகொண்டே, துரைமார் அன்று என்ன சாப்பிட்டார்கள் என்று அவளுக்குச் சொல்லுவார். வெள்ளை ஒயினில் மெல்ல மெல்ல வெந்து, கடைசியில் கிரீம் சேர்கிற கோழியைப் பற்றிச் சொல்லும்போது மட்டும் அவர் குரல் கோயிலுக்குள் பேசுகிறவர் குரல்போல இறங்கும். "ஒருநாளு ஒனக்கு வச்சுத் தாரேம்ளா" என்று முடிப்பார். அவள் சிரித்துக்கொண்டே இன்னும் கொஞ்சம் குழம்பை ஊற்றுவாள்.

அந்த ஒருநாள் வராமலே பங்களாவைப் பூட்டிவிட்டு துரை கப்பலேறிப் போனார். விக்டோரியாவின் வயிற்றில் கட்டி வந்தது. இனி வீட்டிலேயே வைத்துப் பார்த்துக்கொள்ளுங்கள் என்று ஆஸ்பத்திரியில் சொல்லிவிட்டார்கள். கஞ்சித்தண்ணீர்கூட இறங்காமல் கிடந்தவள், நேற்றுப் பொழுது சாயும்போது கண்ணைத் திறந்து, "அந்தப் பங்களாக் கோழி எப்படித்தான் இருக்கும்? ஒரு வாயி பாத்திருக்கலாம்" என்றாள்.

அதனால்தான் இந்தக் காலையில் அவர் குத்தவைத்து உட்கார்ந்து, அரிவாள்மணையோடு மல்லுக்கட்டிக்கொண்டிருந்தார். நின்றே சமைத்துப் பழகிய முழங்கால் விண்விண்ணென்று தெறித்தது. கிடைத்ததோ முட்டையிட்டு ஓய்ந்த கிழட்டுப் பெட்டை. பாலைக் காய்ச்சி ஆறவைத்து, மேலே படிந்ததை வழித்து, கிண்ணத்தில் அடித்து வைத்திருந்தார். கிரீம் என்று அதற்கு அவரே பெயர் வைத்துக்கொள்ள வேண்டியதுதான்.

"ஏளா, உப்பு?"

"மரவையில... அடுப்புக்குப் பக்கத்துல."

அடுப்புக்கு இந்தப் பக்கம் பார்த்தார், அந்தப் பக்கம் பார்த்தார். மரத்தில் கடைந்த கிண்ணம் எதுவும் கண்ணில் படவில்லை. தீ ஒருவழியாகப் பிடித்திருந்தது. அதை விட்டால் மறுபடி கிடைக்காது. உப்பைப் பிறகு பார்த்துக்கொள்ளலாம் என்று வெண்ணெயில் கோழியைப் போட்டுப் புரட்டினார்.

துரை போகும்போது கொடுத்த பாட்டில் டிரங்குப் பெட்டிக்கு அடியில் இருந்தது. தக்கையைத் திருகி எடுக்கிற கம்பி பங்களாவோடு போயிற்று. கரண்டிக் காம்பை வைத்து அமுக்கினார். தக்கை பொசுக்கென்று உள்ளே போக, ஒயின் பீறிட்டுச் சட்டை முழுக்க நனைந்தது.

அந்த நேரம் பார்த்து, விக்டோரியாவின் தங்கை ஜெபகனி வாசற்படி ஏறினாள். ஏறினவள் மூக்கைச் சுளித்தாள். மதுவிலக்கு திரும்ப வந்திருந்த சமயம். அதோடு அவர்கள் சபையில் சாராய வாடை அடித்தாலே பேர் கெட்டுப்போகும்.

"அத்தான், இன்னைக்குமா குடிச்சிருக்கிய?"

"ஆயுசுல நான் குடிச்சு நீ பாத்திருக்கியா? இது கோழிக்கு ஊத்துனது."

"ஓஹோ. கோழிதான் குடிச்சுதா?"

அவர் சட்டியை மூடினார். ஜெபகனி உள்ளே போய் அக்காவின் நெற்றியைத் தொட்டுப் பார்த்துவிட்டு வேகமாக வெளியே வந்தாள்.

"மூச்சு ஒருமாதிரி இழுக்கு. நான் உபதேசியாரக் கூட்டிட்டு வாரேன். அதுக்குள்ள வாயக் கொப்பளிச்சு வைங்க."

சட்டிக்குள் மெதுவாகக் கொதிக்கத் தொடங்கியது. புளிப்பும் வெண்ணெயும் கலந்த பழைய மணம் எழுந்து புகைக்கூடு வரை நிறைந்தது. பங்களாவின் நீளமான மேசையும் கடலைப் பார்த்த ஜன்னலும் ஒரு கணம் வந்து போயின. தீயைத் தணித்துக் கிரீமைச் சேர்க்க வேண்டியதுதான் பாக்கி. அதற்கு முன்னால் உப்பு.

"ஏளா, மரவை இங்கன இல்லியே."

"அங்கனதான்... இருக்கு. நல்லாப் பாருங்க."

"இருந்தா என் கண்ணுக்குத் தெரியாதா? ஊரச் சுத்தி உப்பளம், இந்த வீட்டுல ஒரு சிட்டிகைக்கு வழியில்ல. சாமான ஒரு எடத்துல வச்சாத்தான?"

பதில் இல்லை. கோபித்துக்கொண்டாள் என்று நினைத்தார். டப்பாக்களை ஒவ்வொன்றாகத் திறந்தார். மிளகாய்த்தூள், சீனி, ரவை, மறுபடி மிளகாய்த்தூள்.

"கேக்கேன்லா? வாயத் தொறந்து சொல்லேன்."

கரண்டியோடு எழுந்து உள்ளறைக்குப் போனார். விக்டோரியா அடுப்படிப் பக்கம் முகத்தைத் திருப்பிப் படுத்திருந்தாள். கண் திறந்திருந்தது. அவர் நின்றார். கரண்டியிலிருந்து தரையில் சொட்டியது.

அதற்குப் பிறகு வீடு அவருடையதாக இல்லை. பெண்கள் அடுப்பை அவித்தார்கள். உபதேசியார் ஜெபத்தின் நடுவே அவர் பக்கம் திரும்பி, ஓரடி தள்ளி நின்றுகொண்டார். சட்டையை மாற்ற வேண்டும் என்று ஜேசுபாதத்துக்குத் தோன்றியது. வேறு சட்டை எங்கே இருக்கிறதென்று தெரியவில்லை.

"அத்தான், அக்காவுக்குக் கட்டிவிட வெள்ளப் பட்டு எங்கன இருக்கு?" என்று ஜெபகனி கேட்டாள்.

அவர் கட்டில் பக்கம் திரும்பி, "ஏளா..." என்றார்.

ஜெபகனி தலையைக் குனிந்துகொண்டு, தானே பெட்டியைத் திறந்தாள்.

கல்லறைத் தோட்டத்திலிருந்து திரும்பும்போது யாரும் அவரை ஒட்டி நடக்கவில்லை. வீட்டில் விளக்கேற்றியிருந்தது. ஜெபகனி தன் வீட்டிலிருந்து சோறு கொண்டுவந்திருந்தாள். இறக்கிவைக்க இடம் தேடியபோது, அவிந்த அடுப்பில் அந்தச் சட்டி கிடந்தது. மூடியைத் தூக்கினாள். குனிந்து முகர்ந்தாள். பிறகு அவருடைய சட்டையைப் பார்த்தாள்.

"இது என்னது அத்தான்?"

"அவ கேட்டா."

ஜெபகனி அடுப்பின் முன்னால் உட்கார்ந்தாள். சற்றுத் தயங்கி, விரலால் ஒரு துணுக்கைக் கிள்ளி வாயில் வைத்தாள்.

"உப்பில்லயே."

"மரவை அங்கனதான் இருக்குன்னு சொன்னா. நான் தேடிப் பாத்துட்டேன்."

ஜெபகனி எழுந்திருக்கவில்லை. உட்கார்ந்தபடியே மூலைக்குக் கையை நீட்டி, அங்கே கிடந்த அவருடைய துண்டை எடுத்தாள்.

அதற்கு அடியில் மரவை இருந்தது. நிறையக் கல்லுப்பு. நடுவில், மூன்று விரலால் அள்ளின குழி.